வக்பு ஆதனங்களும் நம்பிக்கையாளரை நீக்கும் உரிமையும்: மாத்தளைப் பகுதியை முன்வைத்து ஒரு வரலாற்று நோக்கு

இரண்டாம் இராசசிங்கனுடைய கண்டி இராச்சியத்தில் பத்தொன்பது ஆண்டுகள் கைதியாய் இருந்து 1679 இல் தப்பிச் சென்ற ஆங்கிலேயர் இறொபேட் நொக்ஸ், 1681 இல் இலண்டனில் வெளியிட்ட தம் நூலில் சோனகரைப் பற்றி ஒரு சிறு செய்தியைக் குறித்து வைத்திருக்கிறார். முன்பிருந்த மன்னன் ஒருவன் சோனகரின் வழிபாட்டிடம் ஒன்றுக்கு ஒரு வருவாயை விட்டுக்கொடுத்திருந்தானாம். நிலமுடைய ஒவ்வொரு குடியும் அதற்கு ஒரு பணம் செலுத்தவேண்டும். அதனைத் தண்ட வருவோர் வீடு பூட்டிக் கிடக்கக் கண்டால், கதவை உடைத்து அப்பணத்தின் பெறுமதிக்குப் பொருள் எடுத்துச் செல்லவும் அதிகாரம் பெற்றிருந்தனர். பௌத்த மன்னனொருவன் இசுலாமியர் பள்ளிக்கு இவ்வளவு உரிமை வழங்கினானே என்று வியந்து இச்செய்தியை எடுத்தாளுவோர் பலர். வியப்புக்குரியதே. ஆயினும் வரலாறு பயில்வோர் வேறொரு வினாவையும் எழுப்புதல் வேண்டும். அவ்வாறு தண்டிய பணத்தை எண்ணியவர் யார்? அவரிடம் கணக்குக் கேட்கும் உரிமை யாருக்கு இருந்தது? அவர் பிழை செய்தால் அவரை அப்பொறுப்பினின்றும் அகற்ற வல்லவர் யார்?

மன்னராட்சியில் இவ்வினாவுக்கு விடை கடினமன்று. கொடுத்தவன் மன்னன், அவன் கொடுத்ததை அவனே மீட்கலாம், வேறொருவர் கையில் ஒப்படைக்கலாம். 1815 இல் கண்டி ஒப்பந்தம் கைச்சாத்தானபோது அந்த விடை மறைந்தது. ஒப்பந்தத்தின் ஐந்தாம் வாசகம் புத்த சமயத்துக்கு உறுதிமொழி வழங்கியது; பள்ளிவாசல்களைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. கலகம் அடங்கியபின் 1818 நவம்பரில் வெளியிடப்பட்ட பிரகடனம் சற்று விரிந்த நோக்குடையது. பிற சமயத்தார் தத்தம் சமயத்தை அமைதியாகக் கைக்கொள்வதற்கும், தேசாதிபதியின் அனுமதி பெற்றுத் தகுந்த இடங்களில் வழிபாட்டிடங்களை எழுப்புவதற்கும் அரசின் பாதுகாப்பு மறுக்கப்படமாட்டாது என்று அது கூறிற்று. கட்டடம் எழுப்ப அனுமதி உண்டு; எழுப்பியதை ஆள்பவரைக் கேள்வி கேட்க ஓர் அதிகாரியும் இல்லை. மலைநாட்டு வக்பு வழக்குகளின் வேர் இந்த இடைவெளியிலே கிடக்கின்றது என்பதே இக்கட்டுரையின் கருத்து.

மாத்தளைப் பகுதி இதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டு. கண்டியிலிருந்து திருகோணமலைக்குச் செல்லும் பழைய வழியில் இது அமைந்துள்ளது. கண்டி இராச்சியத்தின் பொதி மாட்டுப் போக்குவரத்தை நடாத்திய ‘மடிகே பத்த’ என்னும் திணைக்களத்திலே முஸ்லிம்கள் பெரும்பங்கு கொண்டிருந்தனர் என்பது வரலாற்றாசிரியர் பலரும் ஒப்புக்கொண்ட செய்தி. கலாநிதி லோர்ணா தேவராசா 1994 இல் வெளியிட்ட நூல் இதனை விரிவாக ஆராய்கின்றது. உப்பும் கருவாடும் துணியும் ஏறிவர, பாக்கும் மிளகும் இறங்கிச் சென்ற அவ்வழிகளிலே குடியிருப்புக்கள் தோன்றின. உக்குவளை, வரக்காமுறை, கலேவெல முதலிய ஊர்களிலும் நகரை அடுத்த கொங்காவெலவிலும் முஸ்லிம்கள் வாழ்கின்றனர். பின்னர்க் கோப்பித் தோட்டங்கள் வந்தன. 1880 இல் புகைவண்டிப் பாதை மாத்தளையை எட்டியது. நகரின் பெருந்தெருவும் திருகோணமலை வீதியும் வணிகத்தால் செழித்தன. இலங்கைச் சோனகரோடு, தென்னிந்தியக் கரையிலிருந்து வந்த மரைக்காயர், இராவுத்தர் வணிகரும், மலாயரும் இங்கே கலந்து வாழ்ந்தனர்.

வணிகம் செழித்த நகரில் பள்ளிவாசலுக்கு விடப்படும் ஆதனத்தின் தன்மையும் மாறும் என்பது கருதற்பாலது. கிராமத்துப் பள்ளிக்கு ஒரு துண்டு வயலோ, சில தென்னைகளோ, கமுகந் தோட்டமோ விடப்படும். அதன் விளைவு கண்ணுக்குத் தெரியும். எத்தனை மூடை நெல் என்பதை ஊரே அறியும். நகரத்துப் பள்ளிக்கு விடப்படுவது கடையறை. கடையின் வாடகை கண்ணுக்குத் தெரியாது. அது ஆண்டுதோறும் ஏறவேண்டிய பொருள், ஏறாமலும் வைத்திருக்கலாம். நம்பிக்கையாளரின் மைத்துனருக்குப் பழைய வாடகைக்கே கடை விடப்பட்டிருந்தால் அதனைக் களவு என்று சொல்லவும் முடியாது, நேர்மை என்று சொல்லவும் முடியாது. இலங்கையிலும் இந்தியாவிலும் வக்பு வழக்குகளில் மீண்டும் மீண்டும் தலைகாட்டும் குற்றச்சாட்டு இதுவே. கொள்ளையிட்டார் என்பதைக் காட்டிலும் கணக்குக் காட்டவில்லை, குறைந்த குத்தகைக்கு விட்டார், தம் வீட்டுப் பொருள்போல் நடத்தினார் என்பனவே முறைப்பாடுகளாய் அமைகின்றன.

இசுலாமியச் சட்டம் இதனை அறியாததன்று. வக்பின் தோற்றத்தைக் கூறுமிடத்து அறிஞர் உமர் அவர்களின் வரலாற்றை எடுத்துரைப்பர். கைபர் என்னுமிடத்தில் தமக்குக் கிடைத்த நிலத்தை என்ன செய்வது என்று அவர் நபிகள் நாயகத்தை வினவியபோது, நிலத்தை நிறுத்திவைத்து அதன் பயனை அறத்துக்கு ஈயுமாறு அறிவுறுத்தப்பட்டார் என்பது வழக்கு. விற்றலும் கூடாது, கொடையாக வழங்கலும் கூடாது, வாரிசுரிமையாய் இறங்கலும் கூடாது. ஆயின் அதனைப் பராமரிப்பவர் அளவோடு அதிலிருந்து உண்ணலாம் என்று உமர் விதித்தார். ‘அளவோடு’ என்னும் அந்த ஒரு சொல்லிலே பின்வந்த நூற்றாண்டுகளின் வழக்குகளெல்லாம் அடங்கியிருக்கின்றன எனலாம்.

பிற்காலச் சட்ட நூல்கள் இதனை மேலும் நுணுக்கின. வக்பைப் பராமரிப்பவர் முத்தவல்லி எனப்படுவார். அவர் நேர்மையும் ஆற்றலும் உடையவராய் இருத்தல் வேண்டும். ஹனபி மரபு நூல்கள், காதியாரின் அனுமதியின்றி வீட்டை ஓராண்டுக்கு மேலும் விளைநிலத்தை மூன்றாண்டுக்கு மேலும் குத்தகைக்கு விடுதல் ஆகாது என்று வரையறுத்தன. முத்தவல்லி தம் மரணப் படுக்கையில் அடுத்தவரைக் குறிக்கலாம்; நலமாயிருக்கும் காலத்தில் தம் விருப்பப்படி பதவியைக் கைமாற்றுதல் கூடாது. அவர் நம்பிக்கைத் துரோகம் செய்தால் காதியார் அவரை நீக்கலாம். ‘இவரை நீக்கலாகாது’ என்று வக்புச் செய்தவரே எழுதி வைத்திருப்பினும் அந்நிபந்தனை காதியாரைக் கட்டுப்படுத்தாது. இலங்கை முஸ்லிம்களில் மிகப் பெரும்பாலார் சாபி மரபினர். நுணுக்கங்களில் வேறுபாடு உண்டு. மேற்பார்வை காதியாருக்குரியது என்பதில் மரபுகளிடையே வேறுபாடு இல்லை.

ஆகவே இம்முறையின் அச்சாணி காதியார். முத்தவல்லிக்கு வழங்கப்பட்ட அதிகாரம் பெரிது; அதனைத் தாங்கிநிற்பது அவருக்கு மேலுள்ள நீதிபதியின் கண். அக்கண்ணை எடுத்துவிட்டால் எஞ்சுவது கட்டுப்பாடற்ற ஒரு பராமரிப்பாளரும், அவரைக் கேள்வி கேட்கும் வழியறியாத ஒரு ஜமாஅத்துமே. பிரித்தானிய இலங்கையிலே நிகழ்ந்தது இதுவே.

1806 ஆகத்தில் வெளியிடப்பட்ட முகம்மதியச் சட்டக்கோவை ஒல்லாந்தர் காலத்துத் தொகுப்பை அடியொற்றியது. அது பேசுவது வாரிசுரிமையையும் திருமணத்தையும் பற்றியே. 1852 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் அக்கோவையை நாடு முழுவதற்கும் விரித்தபோது மாத்தளை முஸ்லிம்களும் அதன் ஆட்சிக்குள் வந்தனர். ஒருவர் இறந்தால் அவர் மகளுக்கு எத்தனை பங்கு என்பதற்கு எழுதப்பட்ட சட்டம் கிடைத்தது. அவர் பள்ளிக்கு விட்ட கடையை யார் ஆள்வது என்பதற்குக் கிடைக்கவில்லை. காதியாருக்குச் சட்டபூர்வமான இடம் 1929 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துப் பதிவுக் கட்டளைச் சட்டத்தாலே கிடைத்தது. அதுவும் 1937 இலேதான் நடைமுறைக்கு வந்தது. அக்காதியாரின் அதிகாரமும் மணம், மணவிலக்கு, பராமரிப்புப் பணம் என்ற எல்லைக்குட்பட்டது. வக்பை மேற்பார்வையிடும் இருக்கை வெறுமையாகவே கிடந்தது.

இந்தியாவில் நிலைமை வேறாயிருந்தது. அங்கே வங்காளத்தில் 1810 ஆம் ஆண்டின் ஒழுங்குவிதியாலும் சென்னையில் 1817 ஆம் ஆண்டின் ஒழுங்குவிதியாலும் கோயில், பள்ளி அறச்சொத்துக்களின் மேற்பார்வையை வருவாய்ச் சபையின் கையில் அரசு எடுத்துக்கொண்டது. கிறித்தவ அரசு பிற சமயக் கோயில்களை நிருவகிப்பதா என்ற கண்டனம் இங்கிலாந்தில் வலுத்ததன் பயனாய், 1863 ஆம் ஆண்டின் 20 ஆம் சட்டத்தால் அப்பொறுப்பைக் கைகழுவியது. அச்சட்டம் ஓர் உரிமையை மக்களுக்கு விட்டுச் சென்றது. வழக்கிடுவோருக்குப் பணத் தொடர்பு இருக்கவேண்டியதில்லை. வழிபாட்டுக்கு வந்து போகிறவர், அங்கே வழங்கப்படும் தருமத்தில் பங்குபெறுகிறவர் எவரும் நம்பிக்கையாளர்மீது வழக்கிடலாம். நோன்புக் கஞ்சிக்குக் கிண்ணம் ஏந்தி நிற்கும் ஏழையும் பள்ளியின் கணக்கைக் கேட்கும் தகுதியுடையவன் என்பதே அதன் பொருள். இச்சட்டப் பிரிவைக் காட்டிலும் உயர்ந்த கருத்தை அக்காலத்து ஆங்கில அரசு தன் சட்டப் புத்தகத்தில் எழுதியதாக இக்கட்டுரையாளருக்குத் தோன்றவில்லை.

இலங்கையில் அதனையொத்த வழி 1917 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டத்தின் 102 ஆம் பிரிவிலே திறந்தது. வழிபாட்டிடமொன்றில் அக்கறையுடைய ஐவர் சேர்ந்து, ஏனையோரைக் கட்சியாக்காமலே, மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிடலாம். நம்பிக்கையாளரை நீக்குமாறும், புதியவரை நியமிக்குமாறும், கணக்குக் காட்டப் பணிக்குமாறும், நிருவாகத் திட்டமொன்றை வகுக்குமாறும் வேண்டலாம். ஆயின் நேரே நீதிமன்றப் படியேற முடியாது. முதலில் அரசாங்க அதிபருக்கு விண்ணப்பித்தல் வேண்டும். அவர் ஆணையாளர் ஒருவரையோ பலரையோ நியமிப்பார். இவ்விடயம் நீதிமன்றம் கவனிக்கத்தக்கது என்றும், இணக்கமாய்த் தீர்க்க இயலவில்லை என்றும், அல்லது எட்டிய இணக்கத்தை நடைமுறைப்படுத்த நீதிமன்றத்தின் உதவி வேண்டும் என்றும் ஆணையாளர் அறிக்கை செய்தாரென அதிபர் சான்றளித்தாலன்றி வழக்கு எடுபடாது.

மாத்தளை அக்காலத்தில் கண்டியிலிருந்த மத்திய மாகாண அரசாங்க அதிபரின் கீழ் ஓர் உதவி அரசாங்க அதிபரால் ஆளப்பட்டது. ஊர்ப் பள்ளியொன்றில் பிணக்கு மூண்டால் கச்சேரியையே முதலில் நாடவேண்டியிருந்தது. இதனை வெறும் தடங்கல் என்று குறைகூறியோர் உண்டு. இணக்கத்துக்கு ஓர் அவகாசம் சட்டத்திலேயே எழுதப்பட்டிருந்தது என்பதை அவர்கள் மறந்தனர். ஊரின் நிலமும் குடும்பமும் அறிந்த ஒருவர் முன்னிலையில் இரு தரப்பாரும் ஒருமுறையேனும் ஒன்றாய் அமரவேண்டியதாயிற்று. வக்பு வழக்கில் வென்றவரும் தோற்றவரும் அடுத்த வெள்ளிக்கிழமை ஒரே வரிசையில் நின்று தொழவேண்டியவர் என்பதைச் சட்டம் இயற்றியவர் எண்ணினாரோ இல்லையோ, அப்பிரிவின் பயன் அதுவாயிருந்தது.

இன்னும் இரு பிரிவுகளை ஈண்டு குறித்தல் வேண்டும். 107 ஆம் பிரிவு, முறைப்படி எழுதிய உறுதி இல்லாத காரணத்தால் மட்டும் நீதிமன்றம் தன் அதிகாரத்தை இழப்பதில்லை என்று கூறுகிறது. சூழ்நிலை அனைத்தையும் நோக்கி, நம்பிக்கைப் பொறுப்பொன்று உண்மையில் உண்டு அல்லது உண்டெனக் கொள்ளத்தக்கது என்று நீதிபதி கருதினால் போதும். மலைநாட்டுக் கிராமப் பள்ளிகளுக்கு இது உயிர்நாடி. வாய்மொழியால் விட்ட நிலம், எல்லைக்கல்லே சாட்சியாய் நிற்கும் நிலம், இவற்றுக்கு நொத்தாரிசு எழுதிய உறுதியைத் தேடினால் எங்கே கிடைக்கும்? 106 ஆம் பிரிவு, திட்டம் வகுக்கும்போது நம்பிக்கை உறுதியையும், அச்சமூகத்தின் சமயச் சட்ட வழக்கத்தையும், அந்த இடத்துக்குரிய வழமையையும் நீதிமன்றம் கருத்திற்கொள்ள வேண்டும் என்று பணிக்கிறது.

இவ்வழமை என்னும் சொல்லே சிக்கலின் முடிச்சு. ஓர் ஊரில் ஒருவர் தம் செலவில் பள்ளியைக் கட்டுகிறார்; அவரே அதனைப் பார்த்துக்கொள்கிறார். அவருக்குப்பின் மகன், அவனுக்குப்பின் பேரன். முதல்வர் ஊருக்குச் செய்த தொண்டு நன்றியாய் நினைவுகூரப்படுகிறது. இரண்டாம் தலைமுறையில் அந்நன்றி மரியாதையாகிறது. மூன்றாம் தலைமுறையில் அம்மரியாதை உரிமையாகிறது. ‘எங்கள் பள்ளி’ என்று பேரன் சொல்லும்போது அவன் பொய் சொல்லவில்லை. எழுபது ஆண்டுகளாக அவன் வீட்டார் திறவுகோலை வைத்திருந்தமை மெய்யே. அதே மெய்யைக் காட்டி இது வழமை என்று ஒரு தரப்பு வாதிடும். அதே மெய்யைக் காட்டி, எழுபது ஆண்டுகளாக யாரும் கணக்குக் காட்டவில்லை என்று மறுதரப்பு வாதிடும். முத்தவல்லிப் பதவி வாரிசுரிமையாய் இறங்குவதன்று என்பது இசுலாமியச் சட்டத்தின் பொதுவிதி; வக்புச் செய்தவர் அவ்வாறு விதித்திருந்தாலோ, நெடுங்கால வழக்கம் மெய்ப்பிக்கப்பட்டாலோ அன்றிக் குடும்பத்துக்கு அதில் தனியுரிமை இல்லை. ஆனால் வழக்கம் என்பதை மெய்ப்பிக்க எத்தனை தலைமுறை வேண்டும்? நீதிபதிக்கு நீதிபதி விடை வேறுபட இடமுண்டு.

ஆங்கிலச் சட்டத்தின் நம்பிக்கைப் பொறுப்பும் முத்தவல்லி முறையும் ஒன்றல்ல என்பதைத் தெளிவாக்கிய தீர்ப்பு 1921 இல் பிரிவிக் கவுன்சிலில் பிறந்தது. சுவையான செய்தி யாதெனில், அவ்வழக்கு பள்ளிவாசல் வழக்கே அன்று. சென்னை மாகாணத்து இந்து மடமொன்றின் தலைவர் மடத்து நிலத்தை நிலைக் குத்தகைக்கு விட்டதுபற்றிய வித்தியா வாருதி தீர்த்தர் எதிர் பாலுசாமி ஐயர் என்னும் வழக்கு அது. தீர்ப்பை எழுதியவர் செய்யது அமீர் அலி. அம்மன்றில் அமர்ந்த முதல் இந்தியர். மடாதிபதியும், கோயிற் பொறுப்பாளரும், முத்தவல்லியும் ஆங்கிலப் பொருளில் ஆதனத்தின் உடையவராகிய நம்பிக்கையாளர் அல்லர். ஆதனம் தெய்வத்துக்கோ நிறுவனத்துக்கோ உரியது, இவர்கள் மேலாளரே என்று அவர் விளக்கினார். இந்து மடத்தைப் பற்றிய வழக்கில் ஒரு முஸ்லிம் நீதியரசர் இரு சமூகத்து அறச்சொத்துக்களின் இயல்பையும் ஒருங்கே வைத்து ஆராய்ந்த அத்தீர்ப்பு, சமய ஆதனங்களைப் பற்றிக் கற்கும் நம் மாணவர் யாவரும் அறிந்திருக்கவேண்டியதொன்று. ஆதனத்துக்கு உடையவர் அல்லாதவரை அதனின்று அகற்றுவது அவருடைய சொத்தைப் பறிப்பதாகாது என்ற முடிவும் இதனின்றே பிறக்கின்றது. நீக்கப்படுபவரின் குடும்பத்துக்கு இதனை விளங்கவைப்பதே கடினம்.

குடும்பம் என்னும் இப்பிரச்சினை வேறொரு வாயிலாலும் நுழைவதுண்டு. குடும்பத்தார் பயன்பெறும் வக்பு செல்லுமா என்பது அது. 1894 இல் அபுல் பத்தா வழக்கில் பிரிவிக் கவுன்சில் செல்லாது என்று தீர்த்தது. இந்திய முஸ்லிம்கள் வெகுண்டனர். முகம்மதலி ஜின்னா முன்னின்று நடத்திய 1913 ஆம் ஆண்டின் சட்டம் அதனை மாற்றிற்று. இலங்கைக்கு அச்சட்டம் இல்லை. கொழும்பு வணிகப் பெருமகனார் என். டி. எச். அப்துல் கபூர் 1942 இல் நிறுவிய அறக்கட்டளை, முஸ்லிம் இளைஞரின் உயர்கல்விக்கு நிதி வகுத்து, தம் குடும்பத்தின் வழித்தோன்றல்களுக்கு முதலிடம் அளித்திருந்தது. அது தருமமாகாது, ஆகவே வருமானவரி விலக்குக்கு உரியதன்று என்று பிரிவிக் கவுன்சில் 1961 இல் முடிவுசெய்தது. இது நீக்கம் பற்றிய வழக்கன்று என்றாலும், குடும்பத்தின் கை எதுவரை நீளலாம் என்பதற்கு எல்லைக்கல் நட்ட தீர்ப்பு என்பதால் இங்கே குறித்தேன்.

நாட்டுச் சட்டத்துக்குத் திரும்புவோம். பெரிய பள்ளிகள் தமக்கெனத் தனிச் சட்டம் பெற்றுப் பிழைத்துக்கொண்டன. கொழும்பு மருதானைப் பள்ளிவாசலுக்கு 1924 இலேயே ஒரு கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. மாத்தளையின் கிராமப் பள்ளிக்குச் சட்டநிரூபண சபையில் யார் பேசுவார்? 1931 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமே வக்பு என்னும் சொல்லைத் தன் பெயரிலே தாங்கி வந்தது. முஸ்லிம் மரணசாசனமற்ற வாரிசுரிமையும் வக்புகளும் பற்றியது என்பது அதன் தலைப்பு. கால் நூற்றாண்டின்பின் வக்புக்கெனத் தனிச் சட்டம் வந்ததும் அத்தலைப்பிலிருந்து வக்பு என்னும் சொல் உதிர்ந்தது.

அத்தனிச் சட்டம் 1956 ஆம் ஆண்டின் 51 ஆம் இலக்க முஸ்லிம் பள்ளிவாசல்கள், தரும நம்பிக்கைப் பொறுப்புக்கள் அல்லது வக்புகள் சட்டம். பள்ளிவாசல்கள் பதியப்படவேண்டும், நம்பிக்கையாளர் கணக்கு ஒப்புவிக்கவேண்டும், அவர்களை நியமிக்கவும் நீக்கவும் முஸ்லிம்களைக் கொண்ட ஒரு சபைக்கு அதிகாரம் உண்டு. 1962 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் இவ்வமைப்பை மாற்றி வலுப்படுத்தியது. 1982 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சட்டம் வக்பு நியாய சபை என்னும் மன்றை உண்டாக்கிற்று. அதன் உறுப்பினரை நியமிப்பது நீதிச்சேவை ஆணைக்குழு. காதியாரின் வெற்றிருக்கை இவ்வாறு இரு கூறாக நிரம்பியது. நாளாந்த மேற்பார்வை வக்பு சபையிடமும், வழக்கைத் தீர்க்கும் பொறுப்பு நியாய சபையிடமும் சென்றன. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக மலைநாட்டு முஸ்லிம் தேடிய விடை கிடைத்துவிட்டது எனத் தோன்றும்.

பயன் பெரிது என்பதில் ஐயமில்லை. பதிவேடு ஒன்று உண்டாயிற்று. இன்ன பள்ளிக்கு இன்ன ஆதனம் என்று எழுத்திலே ஏறிற்று. ஒருவர் சாகும்வரை வகித்த பதவி, தவணைக்குட்பட்ட பதவியாயிற்று. தவணை முடியும்போது கேள்வி தானே எழும். வழக்கிடாமலே மாற்றம் வர வழியுண்டாயிற்று. ஷரீஅத்தைக் கற்றறிந்தோர் கையில் ஷரீஅத் வினாக்கள் சென்றதும் நியாயமே. முத்தவல்லி என்னும் சொல்லின் பொருளை மொழிபெயர்ப்பாளர் வாயிலாகக் கேட்டறிந்த நீதிபதியைக் காட்டிலும் இது மேலானது.

ஆயினும் இரு குறைகளை வரலாற்று மாணவன் மறைத்தலாகாது. முதலாவது, வழமை என்னும் முடிச்சு அவிழவில்லை. நம்பிக்கையாளரை நியமிக்கையில் உறுதியின் வாசகங்களையும், அப்பள்ளியின் நிருவாகத்தில் நிலவும் நடைமுறையையும் சபை கருத்திற்கொள்ள வேண்டும் என்றே சட்டம் கூறுகிறது. நடைமுறை எது? கட்டியவர் குடும்பத்தின் வழிவழி வந்த பொறுப்பா, ஜமாஅத்துக் கூடிக் கைதூக்கித் தெரிவதா? கிழக்கு மாகாணத்திலே குடி வழியாக மரைக்கார்மாரைத் தெரியும் மரபு உண்டு. தாய்வழிக் குடிகளே அங்கு நடைமுறையின் சாட்சி. மலைநாட்டில் அத்தகைய குடி ஒழுங்கு இல்லாதபடியால், ஒவ்வொரு பள்ளியும் தன் நடைமுறையைத் தானே மெய்ப்பிக்க வேண்டியதாகிறது. பழைய கூட்டக் குறிப்பேட்டைப் பேணிய பள்ளி தப்பித்துக்கொள்ளும். பேணாத பள்ளியில் முதியோரின் நினைவே சான்று. முதியோர் இரு கட்சியிலும் இருப்பர். இக்காரணத்தால், ஒரு பள்ளியின் செயலாளர் தூசி தட்டி வைத்திருக்கும் பழைய நோட்டுப் புத்தகத்தை எந்தச் செப்பேட்டுக்கும் குறைந்ததாக நான் எண்ணுவதில்லை.

இரண்டாவது குறை தூரம். 102 ஆம் பிரிவின் காலத்தில் மாத்தளைப் பிணக்கு மலைநாட்டின் எல்லைக்குள்ளே கேட்கப்பட்டது. இப்போது கோப்பு கொழும்புக்குச் செல்கிறது. கலேவெலவிலிருந்தோ இலக்கல மலைப்புறத்திலிருந்தோ சாட்சிகள் தலைநகருக்குச் சென்று, தவணை தள்ளிப்போனால் திரும்பி, மீண்டும் செல்லவேண்டும். வண்டிக் கூலி யார் கொடுப்பது? பதவியில் இருப்பவர் பள்ளியின் பணத்திலே செல்லக்கூடும். அவரை எதிர்ப்பவர் தம் கைப்பணத்திலே செல்லவேண்டும். காலம் நீள நீளப் பதவியிலிருப்பவருக்கே நன்மை. சபை தன் உறுப்பினர்களை அமைச்சரின் நியமனத்தால் பெறுவதால், அரசு மாறும்போது ஊர்க் கட்சிகளின் நம்பிக்கையும் இடம்மாறுகிறது என்ற குறையும் சொல்லப்படுவதுண்டு. கஞ்சிக் கிண்ணம் ஏந்திய ஏழையின் கேள்விக்கு 1863 ஆம் ஆண்டின் இந்தியச் சட்டம் கொடுத்த எளிய வாயில் இத்தனை படிகள் ஏறி அடையவேண்டியதாயிற்று.

இந்துக் கல்லூரி மலரொன்றில் பள்ளிவாசல் வழக்குகளைப் பற்றி எழுதுவானேன் என்று வினவுவோர் இருக்கலாம். 1917 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 102 ஆம் பிரிவு பள்ளிவாசலுக்கும் கோயிலுக்கும் பொதுவாய் எழுந்தது. தருமகர்த்தரை நீக்கும் வழக்குகளிலே யாழ்ப்பாணத்துக் கோயில்கள் பெயர் பெற்றவை. அவற்றில் வாதிக்கப்பட்ட வழமை, வாரிசு, கணக்கு என்பனவெல்லாம் மேலே சொன்ன வாதங்களின் உடன்பிறப்புக்களே. பௌத்த ஆலயச் சொத்துக்களுக்கு 1889 இலும் 1905 இலும் 1931 இலும் தனிச் சட்டங்கள் வந்தன. முஸ்லிம்களுக்கு 1956 இல் வந்தது. இந்து ஆலயச் சொத்துக்களைப் பற்றி விசேட குழுவொன்று ஆராய்ந்து சமர்ப்பித்த அறிக்கை 1951 ஆம் ஆண்டின் அமர்வறிக்கையாய் அச்சாயிற்று. அதன்வழி ஒரு சட்டம் பிறக்கவில்லை. மாத்தளையில் ஒரு பள்ளிவாசலின் கணக்கைப் பற்றிய முறைப்பாடு இன்று வக்பு சபைக்குப் போகும். அதே நகரத்துக் கோயிலொன்றின் கணக்கைக் கேட்க விரும்பும் அடியார், இன்னும் நால்வரைத் தேடிக்கொண்டு, அரசாங்க அதிபருக்கு விண்ணப்பம் எழுதவேண்டும்.